நத்தையை அழைத்துவர வேண்டியவர்

கடைசியாக ஆடிய ஆட்டத்தில் ஜெயித்தோமா தோற்றோமா என்பது எனக்குச் சரியாக நினைவில்லை. கார்குழலி ஜெயித்தோம் என்கிறாள். அவள் அம்மா சுமலதா தோற்றோம் என்கிறாள். அன்று அதே பாயில் உட்கார்ந்திருந்தவன் நான். விதிகளை முதலில் படித்துச் சொன்னவனும் நான்தான். இருந்தும் என்னிடம் இருப்பது ஒரு படம் மட்டும்தான். பலகையின் நடுவே ஒரே கல்லின் மேல் இரண்டு மரக்காய்கள் நிற்கின்றன. ஆட்ட விளக்கில் எண்ணெய்க்காக வைத்த மணிகளில் ஒற்றை மஞ்சள் மணி மிச்சம் இருக்கிறது. கீழே தெருவிலிருந்து யாரோ கூப்பிடுகிறார்கள். அந்தக் குரல் மணி போவதற்கு முன்பு வந்ததா, பின்பு வந்ததா என்று என்னால் சத்தியம் செய்ய முடியாது. மற்றதைச் சொல்கிறேன். அதில் அதிகம் தவறு இருக்காது.

அப்போது நான் வைத்திக்குப்பத்தின் ஓரத்தில் ஒரு மாடியில் குடியிருந்தேன். பிரான்சுக்குப் போகிறவர்களுக்கு பிரெஞ்சு சொல்லித் தருவதுதான் பிழைப்பு. வந்தவர்களில் முக்கால்வாசிப் பேர் கல்யாணம் நிச்சயமானவர்கள். பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட எங்கள் ஊரில் சொல்தா குடும்பம் என்றால் தனி மதிப்பு. தாத்தாவோ அப்பாவோ பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த வீடு. அங்கே ஒரு பிள்ளைக்கு பிரெஞ்சு நேஷனாலிட்டி இருந்தால், வாசலில் வரன் வரிசையாக நிற்கும். கட்டிக்கொள்கிறவர்கள் அங்கே போய் இறங்கி வணக்கம் சொல்லவும், பஸ்ஸில் வழி கேட்கவும், வேலை கேட்கவும் என்னிடம் கற்றுக்கொண்டு போவார்கள். போனவர்கள் யாரும் எனக்குக் கடிதம் போட்டதில்லை. நானும் எதிர்பார்த்ததில்லை. மீதிப் பொழுதெல்லாம் எதையாவது படித்துக்கொண்டிருப்பேன். பேச ஆள் வராத நாட்கள் எனக்குப் பிடித்தமானவை.

இரண்டாயிரத்து இரண்டின் தொடக்கத்தில் கமலக்கண்ணன் வந்தான். தட்டாஞ்சாவடியில் ஒரு பட்டறையில் லேத் ஓட்டுகிறவன். அப்பா மில் தொழிலாளி. மில் மூடியதும் வீட்டில் படுத்தவர் எழுந்திருக்கவே இல்லை. அதைச் சொல்லும்போதும் அவன் சிரித்தான். எதையும் சிரித்துக்கொண்டே சொல்கிற ஆள்.

“முசியே, எனக்கு மூளை கொஞ்சம் கம்மி. ஆனா வாய் ஜாஸ்தி. அதவெச்சி ஓட்டிக்கலாமா?” என்றான் முதல் நாளே. சார் என்பதற்கு பிரெஞ்சில் முசியே. அதை மட்டும் ஏற்கெனவே கற்றுக்கொண்டு வந்திருந்தான்.

அவனைக் கட்டிக்கொள்ள இருந்தவள் சந்திரகலா. சொல்தா வீட்டுப் பெண். பாரிசுக்கு வெளியே ஏதோ ஒரு ஊரில் ஆஸ்பத்திரிச் சமையற்கட்டில் வேலை பார்த்தாள். முதல் கணவர் இறந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. விடுமுறைக்கு வந்தபோது பெண் பார்த்தல், மாப்பிள்ளை பார்த்தல் எல்லாம் நடந்திருக்கிறது. இவன் மனைவியைப் பிரிந்து வாழ்கிறவன், கோர்ட்டில் வழக்கு முடியப்போகிறது, ஒரு பெண் குழந்தை உண்டு என்று அவளுக்குச் சொல்லியிருந்தார்கள்.

எனக்கும் அதையேதான் சொன்னான். ஒரு மாதம் கழித்து, பாடம் முடிந்த பிறகும் எழுந்திருக்காமல் உட்கார்ந்திருந்தான்.

“ஒரு ஒதவி முசியே. நாயித்துக்கெழம பாடத்துக்கு வரும்போது எங்க வூட்டுக்காரம்மாவும் புள்ளயும் பின்படிக்கட்டு வழியா இங்க வந்து குந்தினா உங்களுக்கு ஆட்சேபண இல்லியே?”

“எந்த வீட்டுக்காரம்மா?”

“எனக்கு எத்தினி இருக்காங்க? சுமலதாதான்.”

பிறகு முழுவதையும் சொன்னான். விவாகரத்து வெறும் காகிதத்துக்கு. அவன் போய், நேஷனாலிட்டி பேப்பர் கைக்கு வந்ததும் அங்கே சந்திரகலாவை விட்டுவிட்டு, திரும்பி வந்து சுமலதாவையே மறுபடி கட்டி, மூவருமாகப் போய்விடுவது. கோர்ட்டுக்காக ஒரு வருடம் தனித்தனியாக இருந்தாக வேண்டும். அதனால் அவன் முத்தியால்பேட்டையில் அக்கா வீட்டில் தங்கியிருந்தான். திட்டம் போட்டுக் கொடுத்தது அக்கா புருஷன் கலியமூர்த்தி. கான்சுலேட்டிலிருந்து ஆள் வந்து அக்கம்பக்கத்தில் விசாரிப்பார்கள் என்று கலியமூர்த்தி பயமுறுத்தி வைத்திருந்ததால், புருஷனும் பெண்டாட்டியும் தெருவில் எதிரே பார்த்தால்கூட முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

நான் பாடப் புத்தகத்தை மூடி அலமாரியில் வைத்தேன். அவன் அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டான்.

அடுத்த ஞாயிறு சுமலதா வந்தாள். ஏற்றுமதித் தையல் கம்பெனியில் மிஷின் ஓட்டுகிறவள். மெலிந்த உடம்பு, உரத்த குரல். மேலே வந்ததும் இடுப்பிலிருந்து ஒரு சுருக்குப்பையை எடுத்து, அதிலிருந்து தாலியை எடுத்துக் கழுத்தில் மாட்டிக்கொண்டாள். நான் பார்ப்பதைப் பார்த்தாள்.

“வெளிய போட முடியாது சார். பிரிஞ்சி இருக்கறோம் இல்ல?” என்றாள். “எல்லாரும் பண்றாங்க. எங்க தெருவுலயே ரெண்டு பேரு போயி மாடி கட்டிட்டாங்க.”

“திரும்பி வந்தார்களா?”

“மாடி கட்டிட்டாங்க,” என்றாள் மறுபடியும்.

போகும்போது தாலியைக் கழற்றிப் பைக்குள் போட்டுக்கொண்டு போனாள். எல்லா ஞாயிறும் அப்படித்தான்.

முதல் சில வாரங்கள் மூவருக்கும் என்ன செய்வதென்று தெரியவில்லை. இன்னொருவன் வீட்டில், அவன் கண்ணெதிரே, ஒரு குடும்பம் எவ்வளவு நேரம் குடும்பமாக இருக்க முடியும்? கமலக்கண்ணன் ஏதாவது வேடிக்கை சொல்வான். சுமலதா வாடகை, ரேஷன் என்று தொடங்கிப் பாதியில் நிறுத்துவாள். மூன்றாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்த கார்குழலி என் புத்தக அலமாரிக்கு முன்னால் நின்றுகொண்டு அட்டைகளைத் தடவிக்கொண்டிருப்பாள்.

அப்போதுதான் அந்தப் பெட்டி வந்தது. சந்திரகலா கொடுத்தனுப்பியது. “உங்க பாப்பாவ நான் பாத்ததில்ல, இத அதுக்குக் குடுங்க” என்று சொன்னாளாம். கமலக்கண்ணன் அதைச் சொல்லிவிட்டு அன்று சிரிக்கவில்லை. சுமலதா பெட்டியைத் தொடவில்லை. கார்குழலி பிரித்தாள்.

மூடியில் ஒரு முள்ளெலி, ஒரு வயல் எலி, ஒரு நத்தை. மூன்றும் மூன்று வேறு குழந்தைப் புத்தகங்களில் வருபவை என்று உள்ளிருந்த தாளில் போட்டிருந்தது. குளிர்காலம் முழுக்கத் தூங்கி எழுந்து தன் வீடு எது என்று மறந்துபோகும் முள்ளெலி. அறுவடையில் வளையைப் பறிகொடுக்கும் எலி. முதுகில் வீட்டைச் சுமப்பது அலுத்துப்போய் அதை இறக்கி வைக்கப் பார்க்கும் நத்தை. ஆட்டத்தில் மூன்றும் ஒரு சதுப்பு நிலத்தின் இந்தக் கரையில் வந்து சேர்ந்துவிடுகின்றன. இருட்டிவிட்டது. அந்தக் கரையில் ஒரு வீடு. நடுவில் கால் வைக்கக் கற்கள். ஒரே ஒரு விளக்கு.

விதிகளை நான் படித்துத் தமிழில் சொன்னேன். பகடையை உருட்டினால் விழுந்த எண்ணுக்கு விளக்கு நகரும். ஒரு கல்லில் இருவர்தான் நிற்க முடியும் என்பதால், விளக்கைப் பிடித்திருப்பவர் கூட ஒருவரை மட்டும் அழைத்துப் போகலாம். ஒவ்வொரு உருட்டலுக்கும் பிறகு ஒரு சீட்டைத் திருப்ப வேண்டும். சீட்டில் காற்று வந்தால் விளக்கிலிருந்து ஒரு மஞ்சள் மணியை எடுத்துவிட வேண்டும். அந்த மணிகள்தான் எண்ணெய். தீர்ந்தால் விளக்கு அணைந்துவிடும். வீடு சேர்ந்த இருவரில் ஒருவர் விளக்கோடு திரும்பி வந்து நின்றுபோனவரை அழைத்துப் போக வேண்டும். மூவரும் வீட்டுக்குள் போனால் மூவருக்கும் வெற்றி. ஒருவர் வெளியே நின்றாலும் மூவருக்கும் தோல்வி.

“சரி, யார யாரு வெட்டறது?” என்றான் கமலக்கண்ணன்.

“வெட்டுவது இல்லை.”

“பின்ன எதிரி யாரு?”

“காற்று.”

“காத்தா? அது எங்க குந்தும்?” என்று பாயைச் சுற்றிப் பார்த்தான். கார்குழலி விழுந்து விழுந்து சிரித்தாள்.

முள்ளெலி அப்பாவுக்கு, எலி தனக்கு என்று அவளே பங்கு போட்டாள். “அம்மா, நீதான் எப்பவும் லேட்டு. நீ நத்த.”

“ஆமாண்டி, வூட்டையும் நான்தான் சொமக்கறேன்,” என்றாள் சுமலதா. மரக்காயைக் கையில் வாங்கிப் புரட்டிப் பார்த்தாள். அப்படித்தான் அவளும் ஆட்டத்துக்குள் வந்தாள்.

அந்த முதல் ஆட்டத்திலேயே ஒரு வழக்கம் விழுந்துவிட்டது. முள்ளெலியும் எலியும் வீடு சேர்ந்ததும் கமலக்கண்ணன் தொடையைத் தட்டி, “ரெண்டு பழம்!” என்று கத்தினான். தாயம் ஆடி வளர்ந்தவர்கள் எல்லோரும் அப்படித்தான் கத்துவார்கள். நடுக்கட்டத்துக்குப் போன காய் பழம். அதற்கு மேல் அதற்கு வேலை இல்லை. அதை எடுத்துத் தனியே வைத்துவிடுவார்கள்.

“இல்லை. நீங்கள் விளக்கை எடுத்துக்கொண்டு திரும்பி வர வேண்டும்,” என்றேன்.

“பழுத்தத மறுபடி கட்டத்துல எறக்குவாங்களா முசியே? அக்கிரமமா இருக்குதே.”

“பழம்னா பழம்தான் சார்,” என்றாள் கார்குழலி. அவளும் தெருப்பிள்ளைகளோடு தாயம் ஆடியவள்தானே.

நான் தாளைக் காட்டினேன். அவர்களால் படிக்க முடியாத மொழி. சுமலதாவே, “உடுங்க சார், நத்ததான, அது பாட்டுக்கு மெதுவா வரட்டும்,” என்றாள். ஆகவே நத்தை விளக்கு இல்லாமல் இருட்டிலேயே வரலாம் என்றும், ஆறு விழுந்தால் மட்டும் ஒரு கல் நகரலாம் என்றும் அவர்களாக ஒரு விதி செய்துகொண்டார்கள். அந்த விதிப்படி ஒருமுறைகூட நத்தை வீடு சேர்ந்ததில்லை. காற்றுச் சீட்டுகள் வந்துகொண்டே இருக்கும். ஆள் யாரும் இல்லாத விளக்கு அக்கரையில் எரிந்து தீரும். கமலக்கண்ணன் எழுந்து சட்டையை மாட்டிக்கொள்வான். தோற்றுவிட்டோம் என்று யாருக்கும் தோன்றியதாகத் தெரியவில்லை. வாரா வாரம் அப்படியே ஆடினார்கள். நானும் திருத்துவதை விட்டுவிட்டேன். என் வீட்டில் சிரிப்புச் சத்தம் கேட்டது அந்த ஞாயிறுகளில்தான்.

வருடம் முடிந்தது. கோர்ட்டில் கேள்வி கேட்டவர் முன்னால் இருவரும் சேர்ந்து வாழ விருப்பமில்லை என்று தனித்தனியாகச் சொன்னார்கள். தீர்ப்பு வந்த ஞாயிறன்றும் சுமலதா பையிலிருந்து தாலியை எடுத்து மாட்டிக்கொண்டாள். அந்த வாரக் கடைசியில் சந்திரகலாவுடன் கல்யாணம். சந்திரகலா பிரான்சிலிருந்து வந்து இறங்கியிருந்தாள். ஆகையால் அதுவே கடைசி ஞாயிறு. அப்படியென்று யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை.

கார்குழலி பாயில் பலகையை விரித்தாள். எப்போதும் முதலில் எடுக்கிற பகடையை எடுக்காமல் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நீ போனா எப்ப வருவ?”

கமலக்கண்ணன் முள்ளெலியை எடுத்தான். “இங்க பாரு குழலி. இது நானு. வௌக்க எடுத்துட்டு மொதல்ல அந்தாண்ட போறேன். போயி அங்கயே குந்திக்குவனா? மாட்டேன். சார் சொன்ன மாதிரி திரும்பி வந்து உன்னயும் அம்மாவையும் இட்டுக்கினு போவேன். புரிதா?”

“அப்ப பழம்னு சொல்லக்கூடாது.”

“சொல்ல மாட்டேன்.”

“இன்னிக்கும் சொல்லக்கூடாது. சார் படிச்ச மாதிரியே ஆடணும்.”

“ஆடலாம்டி.”

சுமலதா சுவர்ப்பக்கம் திரும்பி மூக்கைச் சிந்தினாள்.

அன்று முதல்முறையாக விதிப்படி ஆடினார்கள். முள்ளெலியும் எலியும் வீடு சேர்ந்தபோது கமலக்கண்ணனின் கை தானாகத் தொடையைத் தட்டப் போயிற்று. பாதியில் நிறுத்திக்கொண்டான். எலியை வீட்டில் விட்டுவிட்டு, முள்ளெலி விளக்கோடு தனியாகத் திரும்பியது. திரும்புகிற வழியில்தான் காற்று அதிகமாக அடித்தது. ஒவ்வொரு மணியையும் கார்குழலியே எடுத்தாள், எடுத்ததை உள்ளங்கையில் மூடி வைத்துக்கொண்டாள். ஒருவழியாக முள்ளெலி நத்தையிடம் வந்து சேர்ந்தது. அந்த நேரத்தில் மூவரும் பலகையை நோக்கிக் குனிந்திருந்தார்கள். தலைகள் கிட்டத்தட்ட முட்டிக்கொண்டன. இரண்டு காய்களும் ஒரே கல்லில் ஏறி வந்தன. பாதிச் சதுப்பு தாண்டியாயிற்று. ஒரு மணிதான் மிச்சம்.

கீழேயிருந்து கலியமூர்த்தி கூப்பிட்டான். “டேய் மச்சான்! பொண்ணு வூட்டுக்காரங்க பொடவக்கடயில நிக்கறாங்கடா. எவ்ளோ நேரம் பாடம் படிப்ப?”

கமலக்கண்ணன் எழுந்தான். ஆட்டத்தை முடித்துவிட்டு எழுந்தானா, பாதியில் எழுந்தானா என்பதுதான் எனக்கு நினைவில்லாத இடம். மகளின் தலையில் கை வைத்தான். சுமலதாவைப் பார்த்து, “வரட்டா?” என்றான். அவள் தலையாட்டினாள். படியிறங்கும்போது என்னிடம் மட்டும் பிரெஞ்சில் நன்றி என்றான். உச்சரிப்பு சரியாக இருந்தது.

பெட்டி என் வீட்டிலேயே இருந்தது. அவர்கள் வீட்டில் வைத்தால் யாராவது கேட்பார்கள் என்று சுமலதா சொல்லிவிட்டாள். முதல் வருடம் என் டெலிபோனுக்கு ஞாயிறுதோறும் அழைப்பு வந்தது. தாயும் மகளும் வந்து பேசிவிட்டுப் போவார்கள். பிறகு மாதம் ஒருமுறை. பிறகு பண்டிகைக்கு.

கடல் உள்ளே வந்த அந்த டிசம்பரில் வைத்திக்குப்பத்தில் படகுகள் தெருவில் கிடந்தன. சுமலதா வீட்டுக்குள் இடுப்பளவு தண்ணீர். இருவரும் மேலே ஓடிவந்து என் வீட்டிலேயே தங்கினார்கள். மறுநாள் காலை போன் வந்தது. கமலக்கண்ணன்தான். “இருக்காங்களா முசியே? ரெண்டு பேரும் இருக்காங்களா?” என்று கேட்டான். அதன் பிறகு பேச முடியாமல் அழுதான். நான் போனைச் சுமலதாவிடம் கொடுத்தேன்.

“நல்லாத்தான் இருக்கோம். அழாத,” என்றாள். பிறகு பேச்சை நிறுத்திக் காதை அழுத்திக் கேட்டாள். “அது யாரு கொழந்த?” என்றாள்.

அந்தப் பக்கம் என்ன பதில் வந்தது என்று எனக்குக் கேட்கவில்லை.

“பையனா?” என்றாள். “நல்லா பாத்துக்க.” போனை வைத்துவிட்டு, ஈரத் துணிகளைப் பிழிந்து கைப்பிடிச் சுவரில் போடத் தொடங்கினாள். மகளிடம் அன்று எதுவும் சொல்லவில்லை. மகள் எதுவும் கேட்கவில்லை. அவளுக்கும் கேட்டிருந்தது என்று நினைக்கிறேன்.

அதற்கு மேல் இரண்டரை வருடம் கழித்து அவன் வந்தான். இளைத்து, முன்வழுக்கை விழுந்து, நல்ல சட்டை போட்டு. நேராக என் வீட்டுக்கு வந்து, பாயில் தன் பழைய இடத்தில் உட்கார்ந்தான். சுமலதாவும் கார்குழலியும் முன்படிக்கட்டு வழியாகவே வந்தார்கள். ஒளிவதற்கு இனி எதுவும் இல்லை. சுமலதா இடுப்பில் சுருக்குப்பை இல்லை. கார்குழலி அப்போது ஒன்பதாவது.

அவன் சுற்றி வளைக்கவில்லை. சிரிக்கவும் இல்லை. “அவள உட முடியாது சுமா. புள்ள இருக்குது. அவ நல்லவ. அவளுக்கு இன்னும் ஒண்ணும் தெரியாது. உன்ன இட்டுக்கினு போவ வழி இல்ல. ஆனா குழலிக்குக் கெடைக்கும். அப்பன் நான்னு இருக்கறதால கெடைக்கும். பதினெட்டு ஆவறதுக்குள்ள வந்துட்டா அங்கயே படிச்சி அங்கயே வேல. சந்திரகலாவே ‘பொண்ண இட்டுக்கினு வாங்க’ன்னு சொல்லி அனுப்பினா.”

கீழே மீன் கூடைக்காரி விலை சொல்லிக்கொண்டு போனாள்.

“போவட்டும்,” என்றாள் சுமலதா. “இட்டுக்கினு போ. இவளாவது போவட்டும்.”

கார்குழலி எழுந்து என் அலமாரியின் மேலிருந்து பெட்டியை எடுத்தாள். திறக்கவில்லை. மடியில் வைத்துக்கொண்டாள்.

“சார், அந்த ரூல இன்னொரு வாட்டி சொல்லுங்க.”

“எது?”

“ஒருத்தர் வெளிய நின்னுட்டா.”

எனக்குத் தாள் தேவைப்படவில்லை. “ஒருவர் வெளியே நின்றாலும் மூவருக்கும் தோல்வி,” என்றேன்.

“குழலி, அது வெளாட்டுடி,” என்றான் கமலக்கண்ணன்.

“நீதான அத வெச்சி சொன்ன.”

“அப்ப நீ சின்னப் புள்ள. உனக்குப் புரியட்டும்னு சொன்னேன்.”

“புரிஞ்சிது,” என்றாள் அவள். “நான் வர்ல.”

சுமலதா எழுந்து போய் மகளை அறைந்தாள். மறுபடியும் அறைந்தாள். “யாருக்காகடி நான் தாலிய கழட்டி பையில போட்டுக்கினு திரிஞ்சேன்? உனக்குத்தான! உனக்குத்தான!” என்று கத்தினாள். கமலக்கண்ணன் அவள் கையைப் பிடித்தான். உடனே, பிடிக்கத் தனக்கு உரிமை இல்லை என்பது நினைவுக்கு வந்தவன்போல விட்டுவிட்டான். கார்குழலி பெட்டியை விடவில்லை. அழவும் இல்லை. “அன்னிக்கி நீ திரும்பி வந்த இல்ல, அம்மாவ கூப்பிட,” என்று அப்பாவிடம் சொன்னாள். “நாம ஜெயிச்சோம். நான் பாத்தேன்.”

“தோத்தோம்டி,” என்றாள் சுமலதா, மூச்சு வாங்கிக்கொண்டே. “பாதியிலயே எழுந்து போய்ட்டான். பாதியிலயே.”

அவன் என்னைப் பார்த்தான். நான் ஏதாவது சொல்வேன் என்று மூவருமே பார்த்திருக்கலாம். எனக்குத் தெரியவில்லை என்றேன். அது உண்மை.

கமலக்கண்ணன் விடுமுறை முடியும்வரை இருந்தான். தினமும் வந்து கேட்டான். பிறகு தனியாகப் போனான். சந்திரகலாவோடு அதே ஊரில் இருக்கிறான். கிடங்கு ஒன்றில் வேலை. மகனுக்குத் தமிழ் வராது என்று கலியமூர்த்தி சொன்னான். சுமலதா மகளிடம் ஏறக்குறைய ஒரு வருடம் பேசவில்லை. இப்போது பேசுகிறாள். கண்பார்வை மங்கிவிட்டதால் தையல் கம்பெனியில் நிறுத்திவிட்டார்கள், வீட்டில் பூ கட்டுகிறாள். கார்குழலி பத்தாவதோடு படிப்பை நிறுத்தி, அதே கம்பெனியில் அம்மாவின் மிஷினில் உட்கார்ந்தாள். அவள் சம்பளத்தில்தான் இருவரும் சாப்பிடுகிறார்கள். பெட்டி அவளிடம் இருக்கிறது. பிரான்சுக்குப் போகிறவர்களுக்கு நான் இப்போதும் பாடம் சொல்லித் தருகிறேன். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் வைத்துக்கொள்வதில்லை.